மிச்சமான கோழிக்கறியில் மக்ரோனி பேக்... சமையல் ஆரம்பிப்பது முந்தின நாளே!

ஞாயிற்றுக்கிழமை மதியம். புதுச்சேரியிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே அரை மணி நேரம் வந்தால் கூனிமேடு. மற்ற நாள்களில் மீன் வாசனை வரும் தெருக்களில் அன்றைக்குக் கோழிக்குழம்பு வாசனை. விருந்தாளிகள் வருவதாகச் சொல்லியிருப்பார்கள். கைக்குத் தாராளமாக இரண்டு கிலோ வாங்கிச் சமைத்திருப்பார்கள். வந்தது பாதிப் பேர்தான். சாப்பாடு முடிந்து பார்த்தால், சட்டியில் பாதி அப்படியே இருக்கும்.

"மாமி, கறி நிறைய மிஞ்சிப்போச்சு. என்ன பண்ணட்டும்?"

"ஹாட்பாக்ஸ்ல போட்டு மூடி வைம்மா. ராத்திரிக்கு ஆவும்."

"ராத்திரிக்குப் புள்ளைங்க தோசை கேக்குதுங்களே..."

"அப்போ காலையில சுண்ட வெச்சுக்கலாம். கொட்டிடாத... பரக்கத் போயிடும்."

கூனிமேட்டில் மட்டுமல்ல, எந்த ஊரிலும், எந்த வீட்டிலும் கேட்கக்கூடிய பேச்சுதான் இது. 'பரக்கத்' என்ற இடத்தில் வேறொரு வார்த்தை வரும், அவ்வளவுதான். மாமி சொன்னதில் ஒன்று நூறு சதவிகிதம் சரி. உணவைக் கொட்டக் கூடாது. இன்னொன்று ஆபத்து. கோழிக்கறியை ஹாட்பாக்ஸில் மூடிவைக்கவே கூடாது!

மிச்சமான கோழிக்கறியில், பிள்ளைகள் தட்டை வழித்துச் சாப்பிடும் அளவுக்கு ஒரு மக்ரோனி பேக் செய்யலாம். ஓவன்கூட வேண்டாம். ஆனால், அதன் முதல் வேலை திங்கள்கிழமை சாயங்காலம் அடுப்பைப் பற்றவைக்கும்போது தொடங்குவதில்லை. ஞாயிறு மதியம், கைகழுவிய கையோடு தொடங்குகிறது.

'கேசரோல்' செய்யும் குழப்பம்

மேல்நாட்டுச் சமையல் வீடியோக்களில் 'சிக்கன் பாஸ்தா கேசரோல்' என்று அடிக்கடி வரும். நம் வீடுகளில் கேசரோல் என்றால் சப்பாத்தி வைக்கும் ஹாட்பாக்ஸ். உண்மையில் அது பிரெஞ்சு வார்த்தை. ஒரு சமையல் பாத்திரத்தின் பெயர். ஆழமான பாத்திரத்தில் பாஸ்தா, கறி, சாஸ் எல்லாவற்றையும் ஒன்றாகக் கலந்து, மேலே சீஸ் தூவி, ஓவனில் வேகவைத்து, அதே பாத்திரத்தோடு மேசைக்குக் கொண்டுவருவார்கள். அதனால் பாத்திரத்தின் பெயரே பதார்த்தத்துக்கும் வந்துவிட்டது.

மிச்சக் கறியைத் தீர்க்க இது அங்கேயும் பழைய வழிதான். அமெரிக்காவில் 'டெட்ராசினி' என்று ஒரு பதார்த்தம் இருக்கிறது. லூயிசா டெட்ராசினி என்ற இத்தாலிய இசை நாடகப் பாடகியின் பெயரை 20-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதற்குச் சூட்டினார்கள். நன்றி தெரிவிக்கும் நாள் விருந்தில் மிஞ்சும் வான்கோழிக் கறியை மறுநாள் பாஸ்தாவோடும் வெள்ளை சாஸோடும் கலந்து டெட்ராசினி செய்வது அங்கே பல வீடுகளில் வழக்கம். நாம் மிஞ்சிய பரோட்டாவைப் பிய்த்துப்போட்டு, சால்னாவோடு கொத்தி எடுப்பதில்லையா... அந்த மாதிரிதான்!

ஆனால், நம் வீட்டுக் கேசரோலான ஹாட்பாக்ஸ் இந்த விஷயத்தில் எதிரி. சமைத்த உணவு 60 டிகிரி செல்சியஸுக்கு மேலே சூடாக இருக்க வேண்டும், அல்லது 5 டிகிரிக்குக் கீழே குளிர்ச்சியாக இருக்க வேண்டும். இரண்டுக்கும் நடுவில் இருந்தால் கிருமிகள் பெருகும். ஹாட்பாக்ஸில் வைத்த கறி சில மணி நேரத்தில் ஆறி, வெதுவெதுப்பான நிலைக்கு வந்து, அதிலேயே ரொம்ப நேரம் இருக்கும். கறிக்குழம்பில் வளரும் குளோஸ்டிரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ் என்ற பாக்டீரியாவுக்கு 45 டிகிரியை ஒட்டிய சூடு ரொம்பப் பிடிக்கும். அந்தச் சூட்டில் பத்தே நிமிடங்களில் ஒன்று இரண்டாகிவிடும். கல்யாண வீடுகளில் பெரிய அண்டாவில் சமைத்த கறி மெதுவாக ஆறும்போதும் இதே கதைதான்.

உப்புக் கரைக்குத் தெரிந்த பாடம்

மிஞ்சியதைச் சேமித்துவைக்கும் வித்தையை இந்தக் கடற்கரைக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பக்கத்திலேயே மரக்காணம் உப்பளங்கள். அன்றைக்கு விற்காத மீன், உப்பும் வெயிலும் பட்டுக் கருவாடாகிவிடும். சிறுபாணாற்றுப்படையில் வரும் எயிற்பட்டினம்தான் இன்றைய மரக்காணம் என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. அங்கு வரும் பாணர்களுக்குக் கிடைக்கும் விருந்தாக அந்த நூல் சொல்வதும் சுட்ட கருவாட்டைத்தான்!

கருவாடு ஏன் கெடுவதில்லை? உப்பும் வெயிலும் சேர்ந்து மீனிலிருக்கும் ஈரத்தை எடுத்துவிடுகின்றன. ஈரம் இல்லாத இடத்தில் கிருமி வளர முடியாது. நேற்று வைத்த மீன்குழம்பு இன்றைக்கு நன்றாக இருப்பதற்கும் காரணம் இருக்கிறது. அதிலுள்ள புளி, கிருமிகள் வளரும் வேகத்தைக் குறைக்கிறது.

இந்த இரண்டு தைரியத்தையும் கோழிக்குழம்பிடம் காட்டுவதுதான் தவறு. ருசிக்காகப் போடும் உப்பு, கறியைக் கெடாமல் காக்கப் போதாது. குழம்பில் மீன்குழம்பு அளவுக்குப் புளிப்பு கிடையாது. தேங்காய் அரைத்து ஊற்றியிருந்தால் இன்னும் சீக்கிரம் கெடும். கோழிக்கறிக்குப் பாதுகாப்பு இரண்டே இரண்டுதான். ஒன்று, குளிர்ச்சி. இன்னொன்று, கடிகாரம்.

ஞாயிறு மதியம் செய்ய வேண்டியது

* அடுப்பை அணைத்த நேரத்தை மனதில் வையுங்கள். அதிலிருந்து 2 மணி நேரத்துக்குள் மிச்சக் கறி ஃப்ரிட்ஜுக்குள் போய்விட வேண்டும். சித்திரை, வைகாசி வெயிலில் சமையலறையே 32 டிகிரியைத் தாண்டிவிடும். அப்போது 1 மணி நேரம்தான் கணக்கு.

* எல்லோரும் சாப்பிட்டு முடிக்கும்வரை மிச்சத்துக்காகக் காத்திருக்க வேண்டாம். பரிமாறும் முன்பே, 'இது மிஞ்சும்' என்று தோன்றும் அளவைத் தனியாக எடுத்துவிடுங்கள். பலர் கைபட்ட, எச்சில் கரண்டி பட்ட கறியைச் சேமிக்க வேண்டாம்.

* சட்டியோடு ஃப்ரிட்ஜில் வைக்காதீர்கள். ஆழமான சட்டியின் நடுப்பகுதி குளிர ரொம்ப நேரமாகும். அகலமான தட்டிலோ டப்பாவிலோ 5 சென்டிமீட்டர் உயரத்துக்கு மிகாமல் பரப்பி, தட்டுக்கு அடியில் குளிர்ந்த தண்ணீர் வைத்து, மேலே ஃபேனைப் போட்டால் சீக்கிரம் ஆறும். ஆவி அடங்கியதும் மூடி, உள்ளே வைத்துவிடலாம்.

* கறியை அன்றைக்கே எலும்பிலிருந்து பிரித்து உதிர்த்துவிடுங்கள். சீக்கிரம் குளிரும், இடமும் மிச்சம். குழம்பைத் தனி டப்பாவில் வையுங்கள்.

இப்படி வைத்த கறி 3 நாள் வரை தாங்கும். அதற்குள் சமைக்க முடியாது என்று தெரிந்தால், அன்றைக்கே ஃப்ரீசரில் வைத்துவிடுவது நல்லது.

'நல்லா கொதிக்க வெச்சாச்சே!'

'வெளியே இருந்தால் என்ன... காலையில் தளதளவென்று கொதிக்க வைத்தால் எல்லாம் செத்துவிடும்' என்பது நம் வீடுகளில் வேரூன்றிய நம்பிக்கை. பாதிதான் உண்மை. கொதிக்கும் சூட்டில் பெரும்பாலான கிருமிகள் சாகும். ஆனால், சில கிருமிகள் அதற்கு முன்பே உணவில் நஞ்சை விட்டுச் சென்றிருக்கும். அந்த நஞ்சில் சில வகை, கொதிக்க வைத்தாலும் அழியாது.

2008-ல் பெல்ஜியத்தின் பிரஸ்ஸல்ஸ் நகரில் 20 வயது மாணவர் ஒருவர், ஐந்து நாளாகச் சமையலறையில் வெளியிலேயே இருந்த ஸ்பாகெட்டியைத் தக்காளி சாஸோடு மைக்ரோவேவில் சூடுபண்ணிச் சாப்பிட்டார். மறுநாள் காலை அவர் உயிரோடு இல்லை. பேசில்லஸ் செரியஸ் என்ற பாக்டீரியா உண்டாக்கிய நஞ்சுதான் காரணம் என்று ஆய்வில் தெரிந்தது. பாஸ்தா, சோறு, சேமியா போன்ற மாவுச்சத்து உணவுகளில் இந்தக் கிருமி எளிதாக வளரும். இப்படி உயிர் போவது மிக அரிது. வாந்தி, வயிற்றுப்போக்கு அரிதல்ல. குழந்தைகள், கர்ப்பிணிகள், வயதானவர்கள், சர்க்கரை நோயாளிகள் ஆகியோரை அது சீக்கிரம் சாய்த்துவிடும்.

ஆகவே, ராத்திரி முழுக்க வெளியே இருந்த கறியை எந்தச் சமையலாலும் காப்பாற்ற முடியாது. வாசனை நன்றாக இருக்கிறதே என்று பார்க்கவும் கூடாது. நோய் தரும் கிருமிகள் பல, வாசனையையோ ருசியையோ மாற்றுவதில்லை.

சரி... நம் கறி நேரத்தோடு ஃப்ரிட்ஜுக்குப் போய்விட்டது. இனி அடுப்பைப் பற்றவைக்கலாம்!

கோழிக்கறி மக்ரோனி பேக்

தேவையானவை (4 பேருக்கு):

* மக்ரோனி அல்லது பென்னே பாஸ்தா - 250 கிராம்
* எலும்பு நீக்கி உதிர்த்த கோழிக்கறி - 2 கப்
* குழம்பின் கெட்டி மசாலா - அரை கப்
* பால் - 500 மில்லி
* வெண்ணெய் - 3 மேசைக்கரண்டி
* மைதா - 3 மேசைக்கரண்டி
* பெரிய வெங்காயம் - 1
* பூண்டு - 4 பல்
* கேரட், குடமிளகாய் - தலா 1
* மிளகுத்தூள் - 1 டீஸ்பூன்
* துருவிய சீஸ் - 100 கிராம்
* ரஸ்க் - 4
* நெய் - 2 டீஸ்பூன்

செய்முறை:

1. ரஸ்க்கைக் கொரகொரப்பாகப் பொடித்து, நெய்யில் பொன்னிறமாக வறுத்துத் தனியே வையுங்கள். ஓவன் இல்லாதவர்கள் இதைத் தவறவிடக் கூடாது. ஓவனில் கிடைக்கும் மொறுமொறுப்பை இதுதான் தரும்.

2. இரண்டரை லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவைத்து, ஒரு மேசைக்கரண்டி உப்பு போட்டு மக்ரோனியை வேகவையுங்கள். பாக்கெட்டில் போட்டிருக்கும் நேரத்துக்கு 2 நிமிடங்கள் முன்பே வடித்துவிடுங்கள். கடித்தால் நடுவில் லேசாக வேகாமல் இருக்க வேண்டும். மீதி வேக்காடு சாஸில் நடக்கும். வடித்த தண்ணீரில் ஒரு கப் எடுத்துவையுங்கள்.

3. குழம்பு மசாலாவையும் உதிர்த்த கறியையும் சின்ன வாணலியில் சேர்த்து, தளதளவென்று கொதித்து, ஆவி பறக்கும் வரை சூடுபண்ணுங்கள். கறியின் நடுப்பகுதியும் 75 டிகிரி சூட்டைத் தொட வேண்டும். வெதுவெதுப்பு போதாது.

4. அடிகனமான பாத்திரத்தில் வெண்ணெயை உருக்கி, பொடியாக நறுக்கிய பூண்டு, வெங்காயத்தை வதக்குங்கள். கேரட், குடமிளகாய் சேர்த்து இரண்டு நிமிடம் வதக்கி, மைதாவைத் தூவிப் பச்சை வாசனை போகக் கிளறுங்கள். தீயைக் குறைத்து, பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கட்டி தட்டாமல் கலக்கிக்கொண்டே இருங்கள். தோசை மாவைவிடக் கொஞ்சம் இளக்கமாக வந்ததும் மிளகுத்தூளும் பாதி சீஸும் சேர்த்து அடுப்பை அணைத்துவிடுங்கள்.

5. அடுப்பை அணைத்த பிறகுதான் சூடான கறி மசாலாவைச் சாஸில் சேர்க்க வேண்டும். குழம்பில் தக்காளியோ தயிரோ இருக்கும். கொதிக்கும்போது ஊற்றினால் பால் திரிந்துபோகலாம்.

6. மக்ரோனியைச் சேர்த்துக் கலந்து, கெட்டியாக இருந்தால் எடுத்துவைத்த தண்ணீரைக் கொஞ்சம் விடுங்கள். கலவை சற்றுத் தளர்வாகவே இருக்கட்டும். வேகவேக இறுகும்.

7. வெண்ணெய் தடவிய பாத்திரத்தில் கொட்டி, மீதி சீஸைத் தூவுங்கள். ஓவன் இருந்தால் மேலே ரஸ்க் தூளையும் தூவி, முன்பே சூடேற்றிய ஓவனில் 180 டிகிரியில் 20 நிமிடம் வையுங்கள். ஓவன் இல்லையா? கனமான தோசைக்கல்லைச் சூடாக்கி, அதன் மேல் பாத்திரத்தை மூடியோடு வைத்து, சிறு தீயில் 20 நிமிடம் விடுங்கள். சீஸ் உருகி, ஓரங்களில் குமிழி வந்ததும் இறக்கி, வறுத்த ரஸ்க் தூளைத் தூவுங்கள்.

8. உடனே வெட்டாதீர்கள். 5 நிமிடம் பொறுத்தால் துண்டு துண்டாக எடுக்க வரும்.

சாஸில் உப்பு போடச் சொல்லவில்லையே என்கிறீர்களா? குழம்பிலும் உப்பு, சீஸிலும் உப்பு, மக்ரோனி வெந்த தண்ணீரிலும் உப்பு. உப்பளத்துப் பக்கத்து ஊர் என்பதற்காகத் தாராளம் காட்ட வேண்டாம். கடைசியில் ருசி பார்த்து, தேவைப்பட்டால் மட்டும் ஒரு சிட்டிகை!

கையில் இருப்பதை வைத்து...

குழம்பு இல்லாமல் வறுவலோ சிக்கன் 65-ஓ மிஞ்சியிருந்தால், ஒரு தக்காளியை வதக்கி, கால் டீஸ்பூன் கரம் மசாலாவும் அரை டீஸ்பூன் மிளகாய்த்தூளும் சேர்த்து, அதில் கறியை நன்றாகச் சூடாக்கிக்கொள்ளுங்கள்.

மக்ரோனி இல்லையென்றால் சேமியா. அதுவும் பாஸ்தா குடும்பத்தைச் சேர்ந்ததுதான். 200 கிராம் சேமியாவை நெய்யில் சிவக்க வறுத்து, கொதிக்கும் உப்புத் தண்ணீரில் 2 நிமிடம் மட்டும் போட்டு வடித்துவிடுங்கள். சேமியா பிரியாணி செய்து பழகிய கைகளுக்கு இது விளையாட்டு. சீஸ் விலை கட்டுப்படியாகாதவர்கள், மேலே இரண்டு முட்டையை அடித்து ஊற்றி மூடிவைக்கலாம். முட்டை முழுக்க வெந்து இறுக வேண்டும்.

ருசிக்காக மயோனைஸ் கலக்கும் பழக்கம் வேண்டாம். பச்சை முட்டையில் செய்த மயோனைஸுக்குத் தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்குத் தடை விதித்தது நினைவிருக்கலாம். வெள்ளை சாஸே போதும்.

ஒரு எச்சரிக்கை. இந்த மக்ரோனி பேக் மிஞ்சினால், அதை மறுபடி 'மிச்சம்' ஆக்காதீர்கள். ஏற்கெனவே ஒருமுறை சூடான கறி அது. எவ்வளவு சாப்பிடுவோமோ அவ்வளவுக்கு மட்டும் கறியை ஃப்ரிட்ஜிலிருந்து எடுங்கள்.

கரன்ட் போனால்?

இந்தக் கரையில் இது வெறும் கேள்வியல்ல. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தபோது, மயிலத்தில் ஒரே நாளில் 50 சென்டிமீட்டர் அளவுக்கு மழை கொட்டியது. விழுப்புரம் மாவட்டத்தில் பல கிராமங்கள் இருட்டில் கிடந்தன. 2011 டிசம்பர் 30-ல் தானே புயலையும் இந்தப் பகுதி பார்த்திருக்கிறது.

கரன்ட் போனதும் நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். திறக்காமல் வைத்த ஃப்ரிட்ஜ் 4 மணி நேரம் வரை குளிர்ச்சியைக் காக்கும். நிறைந்திருக்கும் தனி ஃப்ரீசர் 2 நாள் வரைகூடத் தாங்கும். 'இருக்கா, கெட்டுடுச்சா' என்று அடிக்கடி திறந்து பார்த்தால், இருக்கிற குளிர்ச்சியும் போய்விடும். புயல் எச்சரிக்கை வந்த உடனேயே பாட்டில்களில் தண்ணீர் நிரப்பி ஃப்ரீசரில் உறையவைத்தால், கரன்ட் போனதும் அவற்றைக் கறி டப்பாவின் பக்கத்தில் வைக்கலாம். 4 மணி நேரத்தைத் தாண்டி, குளிர்ச்சியும் போய்விட்டதென்றால், மனசைக் கல்லாக்கிக்கொண்டு கொட்டித்தான் ஆக வேண்டும். ஆஸ்பத்திரிச் செலவோடு பார்த்தால் கோழி விலை குறைவுதான்.

அந்தத் தட்டு யாருடையது?

மறுபடி ஞாயிறு மதியத்துக்கே வருவோம். கொட்டவும் மனமில்லை, சூடாகப் பரிமாறவும் தயக்கம். அப்படி இருக்கும் கறி கடைசியில் யார் தட்டுக்குப் போகிறது?

திங்கள்கிழமை மதியம். பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில், வீட்டுக்காரர் வேலையில். சுண்டவைத்த நேற்றைய கறியையும் ஆறிய சோற்றையும் போட்டு, அடுப்படியில் நின்றபடியே சாப்பிட்டு முடிப்பது பெரும்பாலும் வீட்டுப் பெண்தான். 'பிள்ளைகளுக்கு ஒத்துக்காது, எனக்கு ஒண்ணும் ஆகாது' என்பார். அன்றைக்கு மருமகள் சொல்வது, முப்பது வருடத்துக்கு முன் மாமியும் சொன்னதுதான். பிள்ளைகளுக்கு ஒத்துக்கொள்ளாத கறி, அம்மாவுக்கு மட்டும் எப்படி ஒத்துக்கொள்ளும்? சந்தேகமாக இருக்கும் உணவு யாருக்கும் வேண்டாம். சந்தேகமில்லாமல் காத்துவைத்த உணவு எல்லோருக்கும் வேண்டும்.

மிச்சக் கறி மக்ரோனி பேக்காக மாறும்போது நடப்பது இதுதான். நேற்றைய கறி, ஒருவர் தனியாக நின்று தீர்க்கும் வேலையாக இல்லாமல், எல்லோரும் கூடி உட்கார்ந்து சாப்பிடும் இரவுச் சாப்பாடாகிவிடுகிறது. ஒரே பாத்திரம் நடுவில் இருக்கும். மொறுமொறுவென்று இருக்கும் ஓரத்துக்குப் பிள்ளைகள் சண்டை போடுவார்கள். இதையெல்லாம் சாப்பிடுவாரா என்று நினைத்த மாமியும், "இன்னும் கொஞ்சம் வைம்மா" என்பார்.

சமைத்தவர் நிற்காமல், அவர்களோடு உட்கார்ந்து, முதல் துண்டைத் தன் தட்டில் எடுத்து வைத்துக்கொள்ளட்டும்.